வேலூரிலிருந்து பிச்சாவரம்: மீன் பண்ணையையும் அலையாத்திக் காட்டையும் சரியான வரிசையில் பார்த்து வர ஒரு முழுமையான வழிகாட்டி

நமக்கு ஆறு என்றால் பாலாறு. வந்தால் வெள்ளம், வராவிட்டால் மணல். ஒரே நாளில் இரண்டு முறை ஏறி இரண்டு முறை வற்றும் ஆற்றோடு நமக்குப் பழக்கமில்லை. வேலூர்ப் பக்கத்திலிருந்து பிச்சாவரம் போகிறவர்கள் தடுமாறும் முதல் இடம் இதுதான். பஸ் நேரம் பார்க்கிறார்கள், தங்க அறை பார்க்கிறார்கள், தண்ணீரின் நேரத்தைப் பார்ப்பதில்லை.

இரண்டாவது தடுமாற்றம் வரிசையில் வருகிறது. படகில் சுற்றிவிட்டுச் சேற்றுக் காலோடு மீன் பண்ணைக்குப் போய் நிற்கிறார்கள். வாசலிலேயே திருப்பி அனுப்பிவிடுவார்கள். நான் அழைத்துப் போன முதல் குழுவுக்கு இந்த இரண்டும் நடந்தன. அதற்குப் பிறகு காட்பாடி, குடியாத்தம், ஆரணி பக்கத்து நண்பர்களோடும் மாணவர்களோடும் ஆறு முறை போய் வந்துவிட்டேன். அந்த அனுபவத்தில் தேறிய வரிசை இது. எண்களை மாற்றாமல் பின்பற்றுங்கள்; ஒவ்வொன்றுக்கும் காரணம் இருக்கிறது.

1. நாளைக் குறிப்பது

முதலில் எடுக்க வேண்டியது தினசரி காலண்டர். அமாவாசையும் பௌர்ணமியும் எப்போது என்று பாருங்கள். அந்த நாள்களிலும் அடுத்த ஓரிரு நாள்களிலும் கடல் நீர் அதிகமாக ஏறும், அதிகமாக வற்றும். அலையாத்திக் காட்டின் வேர்களை முழுதாகப் பார்க்கவும், அதே நாளில் குறுகிய கால்வாய்க்குள் படகு நுழையவும் இந்த வித்தியாசம் வேண்டும். அட்டமி, நவமி பக்கம் போனால் தண்ணீர் பெரிதாக ஏறவும் செய்யாது, இறங்கவும் செய்யாது.

இரண்டில் அமாவாசையைத் தேர்ந்தெடுங்கள். பௌர்ணமி அன்று நாம் போகும் வழியில் திருவண்ணாமலை கிரிவலம். பஸ்ஸிலும் ரயிலிலும் நிற்க இடமிருக்காது. கார் எடுத்தாலும் ஊருக்கு வெளியிலேயே நின்றுவிடும். கார்த்திகை தீபத்தைச் சொல்லவே வேண்டாம். அமாவாசைக்கு மறுநாளோ அதற்கடுத்த நாளோ, சனி ஞாயிறு அல்லாத நாளாக அமைந்தால் அதைவிட நல்ல நாள் கிடைக்காது.

மாதம் என்று கேட்டால் டிசம்பர் கடைசியிலிருந்து பிப்ரவரி முடிய. வடகிழக்குப் பருவமழை ஓய்ந்திருக்கும், வலசை வந்த உள்ளான் பறவைகள் சேற்றுத் திட்டுகளில் மேய்ந்துகொண்டிருக்கும். அக்டோபர், நவம்பரில் புயல் சின்னம் உருவானால் படகுகளை நிறுத்திவிடுவார்கள். 200 கிலோமீட்டருக்கு மேல் போய்க் கரையில் நின்று திரும்ப வேண்டியிருக்கும். மார்கழித் திருவாதிரையின்போது சிதம்பரத்தில் அறை கிடைப்பது கடினம். காணும் பொங்கல் அன்று படகுத்துறையில் கால் வைக்க முடியாது.

2. ஏற்றமா, வற்றமா: நேரத்தைக் கணிப்பது

நாள் முடிவான பிறகு நேரம். கடல் ஏறுவதற்கு 6 மணி நேரத்துக்குச் சற்று மேல், வற்றுவதற்கு அதே அளவு. ஒவ்வொரு நாளும் இந்த நேரம் ஏறத்தாழ 50 நிமிடம் தள்ளிப் போகும். இன்று காலை 8 மணிக்கு வற்றி முடிந்தால் நாளை 9 மணியை ஒட்டி. இந்தக் கணக்கு கையிலிருந்தால் ஒரு நாளின் நேரம் தெரிந்ததும் அந்த வாரத்துக்கே போட்டுவிடலாம்.

ஐதராபாத்தில் உள்ள இந்திய தேசியக் கடல்சார் தகவல் சேவை மையம் கடல் ஏற்ற இறக்க நேரங்களையும் அலை எச்சரிக்கைகளையும் வெளியிடுகிறது. ஆனால் அது திறந்த கடலுக்கான நேரம். முகத்துவாரம் தாண்டி, கால்வாய்கள் வழியாக வளைந்து வளைந்து காட்டுக்குள் தண்ணீர் வந்து சேரத் தாமதமாகும். எவ்வளவு தாமதம் என்பதை உள்ளூர்ப் படகோட்டிதான் சொல்ல முடியும். "அண்ணே, நாளைக்கு உள்ளே தண்ணீர் எப்போது ஏற ஆரம்பிக்கும்?" என்று முதல் நாள் மாலையே ஒருவரிடம் கேட்டுவிடுங்கள். இந்த ஒரு கேள்வியைக் கேட்டாலே உங்களை அவர்கள் வேறு மாதிரி நடத்துவார்கள்.

படகு ஏற வேண்டிய நேரம் இது: தண்ணீர் வற்றி முடிந்து, திரும்ப ஏறத் தொடங்கிய முதல் ஒரு மணி நேரத்துக்குள். இதற்கு இரண்டு காரணங்கள். போகும்போது வேர்களும் நண்டு வளைகளும் வெளியே தெரியும். திரும்பும்போது தண்ணீர் நிறைந்து, முன்பு நுழைய முடியாத சந்துகளில் படகு போகும். இரண்டாவது காரணம் இன்னும் முக்கியம். ஏறும் தண்ணீரில் படகு தரை தட்டினால் கால் மணி நேரம் பொறுத்திருந்தால் தண்ணீரே தூக்கிவிடும். வற்றும் தண்ணீரில் தட்டினால் அடுத்த ஏற்றம் வரை சேற்றில்தான். முதல் முறை எங்கள் படகு அப்படித்தான் நின்றது. உச்சி வெயில், ஆறு பேர், இரண்டு குழந்தைகள், ஒரே ஒரு தண்ணீர் பாட்டில். படகோட்டி இடுப்பளவு சேற்றில் இறங்கித் தள்ளி எங்களை வெளியே கொண்டுவந்தார். அவர் காலில் ஆளிச் சிப்பியின் ஓடு கீறி ரத்தம் வந்ததை இன்னும் மறக்க முடியவில்லை.

3. பண்ணைக்கு முன் அனுமதி

படகுக்கு அனுமதி தேடி அலைய வேண்டியதில்லை. பண்ணைக்குக் கட்டாயம் வேண்டும். பிச்சாவரத்தை ஒட்டிய கிள்ளை, பரங்கிப்பேட்டை வட்டாரத்தில் உப்பங்கழியை ஒட்டி இறால் குட்டைகளும், கொடுவா, மடவை மீன்கள் வளர்க்கும் குட்டைகளும் இருக்கின்றன. பெரும்பாலானவை தனியாருடையவை. குறைந்தது பத்து நாளுக்கு முன் உள்ளூர்த் தொடர்பு வழியாக உரிமையாளரிடம் பேசுங்கள். கல்லூரிக் குழு என்றால் துறைத் தலைவரின் கடிதம் இருக்கட்டும்.

பேசும்போது மூன்று விஷயங்களைத் தெளிவாகச் சொல்ல வேண்டும்: எத்தனை பேர், எத்தனை மணிக்கு, கடந்த சில நாள்களில் வேறு இறால் பண்ணைக்குப் போயிருக்கிறீர்களா இல்லையா. மூன்றாவதை அவர்கள் கேட்காவிட்டாலும் நீங்களே சொல்லுங்கள். வெண்புள்ளி நோய் என்ற வைரஸ் நோய் ஒரு குட்டைக்குள் புகுந்தால் சில நாள்களிலேயே மொத்த இறாலும் செத்து மிதக்கும். நண்டு, பறவை, வலை, வாளி, ஈரக் கால் எல்லாவற்றிலும் அது வரலாம். நல்ல பண்ணைகளைச் சுற்றி நண்டு ஏறாத வேலியும், மேலே பறவை இறங்காதபடி கயிறும் கட்டியிருப்பது இதனால்தான். உங்கள் செருப்பைப் பற்றி அவர் கவலைப்படுவதில் மிகை ஒன்றும் இல்லை. ஒரு போகம் 100 முதல் 120 நாள். அவர் போட்ட முதலெல்லாம் அந்தத் தண்ணீருக்குள் இருக்கிறது.

பத்துப் பேருக்கு மேல் போகாதீர்கள். வரப்பு குறுகலானது. கூட்டம் நடந்தால் அதிர்வுக்கே இறால் துள்ளும்.

குஞ்சு உற்பத்தியையும் பார்க்க விரும்பும் மாணவர்கள், சீர்காழியில் தலைமையகம் கொண்ட ராஜீவ் காந்தி நீர்வாழ் உயிரின வளர்ப்பு மையத்துக்கு எழுதிக் கேட்கலாம். அதன் கொடுவாக் குஞ்சுப் பண்ணை தொடுவாயில் இருக்கிறது. ஆனால் அதற்கு இன்னொரு நாள் ஒதுக்க வேண்டும். ஒரே நாளில் திணித்தால் எதையும் பார்த்த நிறைவு இருக்காது.

4. பயணம்

முதல் நாள் மதியம் கிளம்பி இரவு சிதம்பரத்தில் தங்குவதுதான் சரி. விடியற்காலையில் வேலூரிலிருந்து கிளம்பி அன்றே பார்த்துத் திரும்பலாம் என்று கணக்குப் போடுகிறவர்கள் பண்ணையை இழக்கிறார்கள். பண்ணையைப் பார்க்க வேண்டிய நேரம் விடியல்.

சாலை வழி: கண்ணமங்கலம், போளூர், திருவண்ணாமலை, விழுப்புரம், கடலூர், சிதம்பரம். ஆறு மணி நேரம் வைத்துக்கொள்ளுங்கள். ரயிலில் போவதென்றால் காட்பாடி - விழுப்புரம் பாதையில், வேலூர் கண்டோன்மென்ட் நிலையத்திலும் ஏறலாம். விழுப்புரத்தில் மாறினால் கடலூர் வழியாகச் சிதம்பரம். நேரம் மாறிக்கொண்டே இருப்பதால் கிளம்புவதற்கு முன் பார்த்துக்கொள்ளுங்கள்.

சிதம்பரத்திலிருந்து பிச்சாவரம் ஏறத்தாழ 15 கிலோமீட்டர், கிள்ளை வழியாக. நகரப் பேருந்து போகிறது. ஆனால் விடியலில் பண்ணைக்குப் போக வேன் அல்லது ஆட்டோவை முதல் நாள் இரவே பேசி வையுங்கள்.

முட்டுக்காடு பக்கம்தானே, அங்கே போகலாமே என்று நிறையப் பேர் கேட்கிறார்கள். படகுச் சவாரி மட்டும் போதும் என்றால் போகலாம். ஆற்றுக்கும் கடலுக்கும் நடுவே 1,000 ஹெக்டேருக்கும் மேல் பரந்த அலையாத்திக் காடு, அதை ஒட்டியே பண்ணை, இரண்டும் ஒரே தண்ணீரில் என்றால் அது பிச்சாவரம்தான்.

5. பையில் இருக்க வேண்டியவை

இரண்டு ஜோடிச் செருப்பு. ஒன்று பண்ணைக்கு, கழுவிக் காய வைத்தது. இன்னொன்று படகுக்கு, பின்வார் உள்ளது. ஒரே ஜோடியோடு வந்து இரண்டிலும் சிரமப்படுகிறவர்களை ஒவ்வொரு முறையும் பார்க்கிறேன்.

ஆளுக்கு இரண்டு லிட்டர் குடிநீர். வேலூர் வெயிலில் வளர்ந்தவர்களுக்கு எந்த வெயிலும் பொருட்டல்ல என்ற எண்ணம் உண்டு. நம் ஊர் வெயிலில் வியர்வை உடனே உலர்ந்துவிடும். அங்கே காற்றில் ஈரம் அதிகம். வியர்வை உலராமல் வழிந்துகொண்டே இருக்கும், உடலில் நீர் குறைவதே தெரியாது. சுற்றிலும் தண்ணீர் இருக்கும், ஒரு வாய் குடிக்க முடியாது.

முழுக்கைச் சட்டை, தொப்பி, கைப்பேசிக்குத் தண்ணீர் புகாத உறை, ஒரு தொலைநோக்கி இருந்தால் நல்லது. கண்ணைப் பறிக்கும் சிவப்பும் மஞ்சளும் உடுத்தாமல் மங்கலான நிறம் உடுத்தினால் பறவைகள் கொஞ்சம் நெருங்க விடும். நெகிழிப் பையில் தின்பண்டம் வேண்டாம்; டப்பாவில் எடுத்துப் போங்கள். வேரில் சிக்கிய நெகிழியை யாரும் போய் எடுக்க முடியாது. ஏற்றமும் வற்றமும் அதை இன்னும் உள்ளே இழுத்துச் செருகிவிடும்.

6. விடியலில் பண்ணை

காலை 5.30 மணிக்குச் சிதம்பரத்தைவிட்டுக் கிளம்புங்கள். குட்டையின் பலவீனமான நேரம் விடியல். பகலில் தண்ணீரில் உள்ள பாசி பிராணவாயுவைக் கொடுக்கும். இரவில் அதே பாசியும் சேர்ந்து சுவாசிக்கும். ஆகவே சூரியன் வருவதற்கு முன் தண்ணீரில் பிராணவாயு மிகக் குறைவாக இருக்கும். தண்ணீரில் காற்றைக் கலக்கும் துடுப்புச் சக்கரங்கள் அப்போது முழு வேகத்தில் தண்ணீரை அடித்துக்கொண்டிருப்பதைப் பார்க்கலாம். பத்து மணிக்குப் போனால் ஓர் அமைதியான குட்டையைப் பார்த்துவிட்டு "இது நம் காவேரிப்பாக்கம் ஏரி மாதிரிதானே" என்று சொல்லித் திரும்புவீர்கள்.

வாசலில் கிருமிநாசினித் தொட்டி இருக்கும். காலை முழுதாக நனைத்து நடங்கள், தாண்டிக் குதிக்காதீர்கள். கையையும் கழுவுங்கள். தண்ணீரில் கை விடாதீர்கள், வலையைத் தொடாதீர்கள்.

உணவுத் தட்டைத் தூக்கும்போது பக்கத்தில் நிற்க அனுமதி கேளுங்கள். தீவனம் போட்ட பிறகு எவ்வளவு தின்றிருக்கிறது என்று பார்ப்பதற்காகத் தட்டு ஒன்றைத் தண்ணீருக்குள் இறக்கி வைத்திருப்பார்கள். மெல்லத் தூக்கும்போது பத்துப் பதினைந்து இறால்கள் தட்டில் துள்ளும். பண்ணையாள் ஒன்றை எடுத்து வெளிச்சத்துக்கு எதிரே பிடிப்பார். கண்ணாடி போன்ற உடம்புக்குள் தலையிலிருந்து வால் வரை ஒரு கறுப்பு நூல் ஓடும். அது குடல். நூல் அறுபடாமல் நிறைந்திருந்தால் இறால் நன்றாகத் தின்றிருக்கிறது. இடையிடையே வெறுமையாக இருந்தால் அன்றைக்குத் தீவனத்தைக் குறைத்து, தண்ணீரில் என்ன கோளாறு என்று தேடுவார். மருத்துவர் நாடி பார்ப்பது போல அவர் அதைப் பார்ப்பார். அந்த நேரத்தில் பேச்சுக் கொடுக்காதீர்கள்.

கொடுவாக் குட்டை என்றால் பார்க்க வேண்டியது வேறு. கொடுவா தன் இனத்தையே தின்னும். பெரியது சிறியதை விழுங்கிவிடும் என்பதால் குஞ்சுகளை வலைப்பெட்டிகளில் விட்டு, அளவு பார்த்து அடிக்கடி பிரித்துக்கொண்டே இருப்பார்கள். நம் பக்கத்தில் கட்லாவும் ரோகுவும் ஏரியில் விட்டுவிட்டு வருகிற மாதிரி இதை வளர்க்க முடியாது.

இப்போது எல்லோரும் கேட்க மறக்கும் இரண்டு கேள்விகள். தண்ணீர் எங்கிருந்து எடுக்கிறீர்கள்? கழிவு நீர் எங்கே போகிறது? கேட்டுவிட்டு அந்த இரண்டு இடங்களையும் நேரில் போய்ப் பாருங்கள். தீவன மிச்சமும் கழிவும் கலந்த தண்ணீர் படியவைக்கும் குட்டையில் நின்று தெளிந்து வெளியேறுகிறதா, நேராகக் கால்வாயில் விழுகிறதா என்பதை வைத்தே பண்ணையின் தரத்தைச் சொல்லிவிடலாம். வேலூர்க்காரர்களுக்கு இந்தக் கேள்வி புதிதல்ல. பாலாற்றில் தோல் தொழிற்சாலைக் கழிவு கலந்த வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது 1996 ஆகஸ்டில். கரையோர இறால் பண்ணைகள் பற்றிய தீர்ப்பு வந்தது அதே ஆண்டு டிசம்பரில். இரண்டு அமர்வுகளுக்கும் தலைமை வகித்தவர் நீதிபதி குல்தீப் சிங். மாசுபடுத்தியவரே ஈடு செய்ய வேண்டும் என்ற கோட்பாடு இரண்டிலும் இருக்கிறது. பிறகு 2005-இல் கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்பு ஆணையச் சட்டம் வந்து பண்ணைகளுக்குப் பதிவு கட்டாயமானது. கிணற்று நீர் கெட்டுப்போன ஊரிலிருந்து வருகிற நாம், கழிவு விழும் வாய்க்காலின் ஓரத்தில் நின்று ஐந்து நிமிடம் பார்க்காமல் திரும்பக் கூடாது.

7.30 மணிக்குள் வெளியே வந்துவிடுங்கள். வேலை செய்கிறவர்களுக்கு நாம் இடைஞ்சல்.

7. நடுவில்

கிள்ளையிலோ சிதம்பரத்திலோ சிற்றுண்டி. செருப்பை மாற்றுங்கள். கழிப்பறைக்குப் போய்வாருங்கள், படகில் அதற்கு வழியில்லை. ஏற்றம் தொடங்க நேரமிருந்தால் பரங்கிப்பேட்டை வரை போய் வெள்ளாறு கடலில் சேரும் இடத்தைப் பார்க்கலாம். வெள்ளாற்றுக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவில்தான் பிச்சாவரக் காடு இருக்கிறது என்பதை அங்கே நின்றால் மனம் வாங்கிக்கொள்ளும்.

பண்ணைக்குப் பிறகு காட்டுக்குப் போகலாம். காட்டுக்குப் பிறகு பண்ணைக்குப் போகக் கூடாது. கால்வாய் நீரிலும் நண்டிலும் நோய்க்கிருமி இயல்பாகவே இருக்கலாம். காட்டில் அது பெரிதாக ஒன்றும் செய்வதில்லை. லட்சக்கணக்கான இறால்கள் நெருக்கியடித்து இருக்கும் குட்டைக்குள் போனால்தான் அழிவு.

8. டிக்கெட்டும் படகும்

பிச்சாவரத்தில் தமிழ்நாடு சுற்றுலா வளர்ச்சிக் கழகத்தின் படகு இல்லம் இருக்கிறது. துடுப்புப் படகு, மோட்டார் படகு இரண்டும் உண்டு. கட்டணப் பலகையைப் படித்துவிட்டு, எத்தனை மணி நேரம், எத்தனை பேர் என்று உறுதி செய்து டிக்கெட் எடுங்கள்.

துடுப்புப் படகையே எடுங்கள். மோட்டார் படகு அகன்ற நீர்ப்பரப்பில் வேகமாகச் சுற்றிக் காட்டும். ஒலியில் பறவைகள் எழுந்து போய்விடும். மரங்கள் குடைபோல் கவிந்த சந்துகளுக்குள் அது நுழையாது. முழங்கால் வலி உள்ள பெரியவர்களுக்கு மட்டும் மோட்டார் படகு வசதி.

குறைந்த நேரச் சவாரியை எடுப்பது இன்னொரு பிழை. துறையிலிருந்து காட்டுக்குள் நுழையவே நேரம் பிடிக்கும். நீண்ட நேரச் சவாரி எடுத்தால் படகோட்டி அவசரமில்லாமல் நிறுத்தி நிறுத்திக் காட்டுவார்.

கூடுதல் பணம் தந்தால் தடை செய்த பகுதிக்குள் போகலாமா என்று கேட்காதீர்கள். மாட்டினால் பாதிக்கப்படுவது அவர் பிழைப்பு. சவாரி முடிந்த பிறகு மனமுவந்து கொடுங்கள். மொத்த நாளின் தரமும் அவர் கையில் இருந்தது.

9. படகில் உட்காருவது

உயிர்காப்புச் சட்டையின் வார்களைக் கரையிலேயே இறுக்கிக் கட்டுங்கள். புகைப்படத்துக்காகக் கழற்றுகிறவர்கள் எல்லாக் குழுவிலும் ஒருவர் இருப்பார். அவரை முன்கூட்டியே அடையாளம் கண்டு நடுவில் உட்கார வையுங்கள்.

ஒவ்வொருவராக ஏறி, படகின் நடுக்கோட்டில் கால் வைத்து, உடனே உட்காருங்கள். கனமானவர்கள் நடுவில். ஒரே பக்கம் எல்லோரும் சாயக் கூடாது; பறவை தெரிந்தால் தலையை மட்டும் திருப்புங்கள்.

கையை விளிம்புக்கு வெளியே தொங்கவிடாதீர்கள். சந்துக்குள் நுழையும்போது படகுக்கும் வேருக்கும் நடுவே விரல் நசுங்கும். வேரில் ஒட்டியிருக்கும் ஆளி ஓடுகள் பிளேடு போல் கீறும். தாழ்ந்த கிளை வந்தால் கையால் தள்ளாமல் குனியுங்கள்.

10. என்ன பார்க்க வேண்டும்

இங்கே அவசரப்படாதீர்கள். முதலில் வேர். சுரபுன்னைக்குத் தண்டிலிருந்து வில்போல் வளைந்து இறங்கும் தாங்கு வேர்கள்; பார்த்தவுடன் தெரியும். வெண்கண்டலுக்கு அப்படி இருக்காது. அதன் அடியில் சேறு முழுவதும் பென்சில் நட்ட மாதிரி குச்சி குச்சியாக மேலே நீட்டிக்கொண்டிருக்கும். அவை சுவாச வேர்கள். சேற்றுக்குள் காற்று இல்லாததால் வேர் மேலே வந்து மூச்சு விடுகிறது. தண்ணீர் நிறைந்த பிறகு போனால் இவை மூழ்கியிருக்கும். நேரம் பார்த்து வரச் சொன்னது இதற்காகவும்தான்.

அடுத்து இலை. வெண்கண்டல் இலையின் மேல் வெயில் நேரத்தில் பொடிப்பொடியாக மினுக்கும். உப்பு. வேர் உறிஞ்சிய உப்பை இலை வழியாக வெளியே தள்ளிவிடுகிறது. நாக்கில் வைத்துப் பார்க்கலாம். ஆனால் படகோட்டி இது வெண்கண்டல் என்று காட்டிய இலையை மட்டும். தில்லை மரமும் அங்கேயே நிற்கிறது. சிதம்பரத்துக்குத் தில்லை என்ற பெயரைக் கொடுத்த மரம் அது. அதன் பால் கண்ணில் பட்டால் கடும் எரிச்சலும் பார்வை மறைப்பும் வரும். உதிர்வதற்கு முன் இலை சிவக்கும். அழகாக இருக்கிறதே என்று குழந்தைகள் பறிக்கக் கை நீட்டுவார்கள். தடுத்துவிடுங்கள்.

சுரபுன்னைக் கிளையில் முருங்கைக்காய் போல் பச்சையாகத் தொங்குவது காய் அல்ல, நாற்று. விதை மரத்திலேயே முளைத்து, வளர்ந்து, பிறகு விழுகிறது. வற்றத்தில் விழுந்தால் சேற்றில் குத்தி நிற்கும். ஏற்றத்தில் விழுந்தால் மிதந்து போய் வேறு இடத்தில் ஊன்றும். நினைவுக்காக ஒன்றைப் பையில் போட்டுக்கொண்டு வருகிறார்கள். வேலூரில் அது வாடித்தான் போகும்.

சேற்றைப் பாருங்கள். ஒரு கொடுக்கு மட்டும் உடம்பளவு பெரிதாக உள்ள சிறு நண்டுகள் அதை மேலும் கீழும் அசைக்கும். படகின் நிழல் பட்டதும் நூற்றுக்கணக்கில் வளைக்குள் மறையும். துடுப்பை நிறுத்திவிட்டு இரண்டு நிமிடம் பேசாமல் இருந்தால் திரும்ப வரும். நம் குழுக்களுக்கு மிகக் கடினமான காரியம் இந்த இரண்டு நிமிடம்தான்.

கால்வாய்கள் சில இடங்களில் நேர்க்கோடாக, ஒன்றிலிருந்து பக்கவாட்டில் பிரிந்து பிரிந்து போவதைக் கவனியுங்கள். அவை வெட்டப்பட்டவை. முன்பு மரங்களை மொத்தமாக வெட்டிய இடங்களில் மண் காய்ந்து குழிந்து, உள்ளே வந்த கடல் நீர் திரும்ப முடியாமல் தேங்கி, உப்புக் கூடி, மரம் முளைக்காமல் போயிருந்தது. 1990-களில் எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் மீன் முள் வடிவில் கால்வாய் வெட்டி ஏற்றமும் வற்றமும் உள்ளே போய்வர வழி செய்தார்கள். மரம் திரும்ப வந்தது. வரத்துக்கால்வாய் தூர்ந்து ஏரி செத்ததைக் கண்ணால் பார்த்தவர்கள் நாம். தண்ணீருக்கு வழி விட்டால் உயிர் திரும்புவதை அங்கே படகில் உட்கார்ந்து பார்க்கும்போது எனக்கு ஒவ்வொரு முறையும் தொண்டை அடைக்கும்.

இருளர் குடும்பத்தினர் இடுப்பளவு தண்ணீரில் குனிந்து வெறும் கையால் இறால் பிடிப்பதைப் பார்க்கலாம். பனையோலைப் பறியைப் பல்லில் கடித்துக்கொண்டு, இரு கைகளாலும் சேற்றைத் தடவிப் பிடித்ததை அதில் போடுவார்கள். கேட்காமல் படம் எடுக்காதீர்கள். படகை அவர்கள் பக்கம் விடச் சொல்லாதீர்கள். கலங்கினால் அந்த இடத்தில் இறால் ஓடிவிடும்.

காலையில் பார்த்த பண்ணையின் வரப்பு எங்காவது தெரிகிறதா என்று படகோட்டியிடம் கேளுங்கள். தண்ணீர் எடுக்கும் குழாயும் கழிவு விழும் இடமும் இந்தப் பக்கத்திலிருந்து வேறு மாதிரி தெரியும். கொடுவா, மடவை, இறால், நண்டு எல்லாம் குஞ்சுப் பருவத்தில் ஒதுங்குவது இந்த வேர்களின் நிழலில்தான். பண்ணைக்குத் தண்ணீர் தரும் கால்வாயும், காட்டு மீனுக்குத் தொட்டிலாக இருக்கும் கால்வாயும் ஒன்றே என்பது அப்போது கண்ணுக்குத் தெரியும். விடியலில் பண்ணையைப் பார்க்காமல் நேராகப் படகில் ஏறியவர்களுக்கு இது வெறும் குழாயாகவே தெரியும்.

11. மீன் வாங்கி வருவதென்றால்

பக்கத்தில் முடசல் ஓடை மீன் இறங்குதளம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். அப்போது வரத்துக் குறைவு, விலை அதிகம். செவுள் சிவந்து, கண் உப்பலாக, அழுத்திய இடம் உடனே எழும்பும் மீனாக எடுங்கள்.

தெர்மகோல் பெட்டியை வேலூரிலிருந்தே கொண்டுபோங்கள். ஒரு கிலோ மீனுக்கு ஒரு கிலோ பனிக்கட்டி. அடியில் ஒரு அடுக்கு, மேலே ஒரு அடுக்கு. இறாலைத் தனிப் பையில் கட்டுங்கள். பெட்டியின் அடி ஓரத்தில் சிறு துளை போட்டு, கீழே ஒரு தட்டு வையுங்கள். உருகிய தண்ணீரில் ஊறினால் மீன் குழைந்துவிடும். விழுப்புரத்திலோ திருவண்ணாமலையிலோ டீ குடிக்க நிற்கும்போது பெட்டியைத் திறந்து பார்த்து, பனிக்கட்டி பாதிக்குக் கீழே போயிருந்தால் அங்கேயே கொஞ்சம் வாங்கிப் போட்டுக்கொள்ளுங்கள்.